நாற்பத்திரண்டாம் ஆண்டு அலுமாரி

இதில் வரும் நானா முகநூலில் இல்லை என்ற தைரியத்தில்தான் எழுதுகிறேன்.

எங்கள் படத்தின் கதை 1942இல் நடக்கிறது. வாவிக் கரையில் ஒரு புடவைக்கடை செட் போட்டிருக்கிறோம். அதற்காகக் காத்தான்குடியில் கடை வைத்திருக்கும் ஒரு நானாவிடம் (முஸ்லிம் அண்ணன்மாரை இங்கே அப்படித்தான் கூப்பிடுவோம்) அவருடைய தேக்கு அலுமாரியை இரவல் வாங்கினேன். வியாழன்தோறும் தேங்காயெண்ணெய் தொட்டுத் துடைத்து, முகம் பார்க்கலாம் போல வைத்திருந்தார்.

கமெராவில் அது பழசாகவே தெரியவில்லை. வழக்கம்போல சாண்ட்பேப்பரால் தேய்த்து, கரியும் தேயிலைச் சாயமும் பூசினோம்.

இன்று மத்தியானம் நானா பார்க்க வந்தார்.

“என்ன தங்கச்சி, இப்பிடி ஊத்தையாக் கிடக்கு?”

“நாப்பத்திரெண்டாம் ஆண்டுக் கடை நானா. பழசாத் தெரியணுமே.”

“நாப்பத்திரெண்டிலதான் வாப்பா இதச் செய்விச்சாரு. அப்ப இது புத்தம் புதுசுதானே?”

இருபது வருடமாகக் கலை இயக்குநராக இருக்கிறேன். இது எனக்குத் தோன்றவே இல்லை.

அவர் கோபப்படவில்லை. சட்டைப் பையிலிருந்து கைலேஞ்சியை எடுத்து ஒரு மூலையை மெல்லத் துடைத்தார். பிறகு கையை இழுத்துக்கொண்டார்.

“சரி, படம் முடியட்டும். துடைச்சாப் போயிரும்தானே?”

“ஓம் நானா” என்றேன். சாண்ட்பேப்பரைப் பற்றி வாய் திறக்கவில்லை.

புதியதைப் பழசாக்க எனக்குத் தெரியும். பழசைப் புதிதாக்கத் தெரிந்த தச்சர் யாரையாவது உங்களுக்குத் தெரியுமென்றால் உடனே சொல்லுங்கள்.

படப்பிடிப்பு புதனோடு முடிகிறது. வியாழக்கிழமை எண்ணெய்ப் போத்தலோடு வருகிறாராம்.