மாமா இழுத்துக் கட்டிய எல்ம் மரம்

செவிலிமேட்டில் வீடு கட்டிக் குடிவந்த புதிதில், காலையில் கேட்டைத் திறக்கப் போனால் முகத்தில் வந்து ஒட்டும்... கஞ்சி வாடை அடிக்கும் பட்டு நூல்.

ஒரு முனை ஜன்னல் கம்பியில். மறுமுனை என் செல்ல மரத்தின் கிளையில். கட்டியவர் என் மாமனார்.

பெங்களூரில் நான் முதன்முதலாக வேலைக்குச் சேர்ந்தபோது, ஆபீஸ் தோட்டத்தில் ஒரு வீப்பிங் எல்ம் மரம் இருந்தது. கிளைகள் மேலே போகாமல் குடை மாதிரி தரை வரைக்கும் தொங்கும். ஹாஸ்டலில் ஒரே ரூமில் ஆறு பேர். தனியாக உட்கார்ந்து அழவோ, அம்மாவிடம் போனில் பேசவோ எனக்குக் கிடைத்த இடம் அந்த மரத்தடிதான்.

சொந்த வீடு என்றதும் நர்சரி நர்சரியாக அலைந்து ஒரு கன்று வாங்கி, மடியில் வைத்து பஸ்ஸில் கொண்டுவந்தேன். “மெதுவாத்தான் வரும் மேடம், பொறுமை வேணும்” என்று நர்சரிக்காரர் அப்போதே சொன்னார்.

மரத்திடம் பொறுமையாக இருந்துவிட்டேன். மாமாவிடம்தான் முடியவில்லை!

“இன்னாமா, தலைய தொங்கப் போட்டுக்கினு இருக்குது? தண்ணி ஊத்தலியா?”

“மாமா, அது அப்படித்தான் வளரும்.”

“அப்டி கூட ஒரு மரமா?”

வாழ்நாள் முழுக்கத் தறியில் உட்கார்ந்தவர். தறியில் நீளவாக்கில் ஓடும் பாவு நூலில் ஒரு இழை தொய்ந்தால்கூட, அதை விறைப்பாக இழுத்துவிட்டுத்தான் மறுவேலை. என் மரத்தையும் அதே கணக்கில் சேர்த்துவிட்டார். தறியில் மிஞ்சிய நூலை எடுத்து, ஒவ்வொரு கிளையாக நிமிர்த்திக் கட்டுவார். நான் கத்தரிக்கோலோடு போய் வெட்டுவேன். சாயந்திரம் ஆபீஸ் விட்டு வந்தால் மறுபடியும் கட்டியிருக்கும். வீட்டுக்காரரிடம் முறையிட்டால், “அப்பா கிட்ட நீயே பேசிக்கோபா” என்று நழுவிவிடுவார்.

வருஷத்துக்கு ஒரு ஜாண்கூட வளராத மரம். அதில் ஒரு கிளையை இழுத்து ஒடித்தே விட்டார். அன்றைக்கு நான் போட்ட சத்தம் தெருமுனை வரை கேட்டிருக்கும். மறுநாள் பார்த்தால், ஒடிந்த இடத்திலும் ஒரு கட்டு!

இப்போது மாமா ஐயம்பேட்டையில் கொழுந்தனார் வீட்டில் இருக்கிறார். மரம் ஒரு வழியாக என் தோளைத் தாண்டி, நான் ஆசைப்பட்ட மாதிரியே தொங்குகிறது. உள்ளே நாற்காலி போட்டு உட்கார இன்னும் எத்தனை வருஷமோ...

போன ஞாயிற்றுக்கிழமை வந்திருந்தார். மரத்தின் முன்னால் நின்று ஒரு கிளையைத் தூக்கிப் பிடித்தார். அதற்கு மேல் தூக்க முடியவில்லை. விட்டுவிட்டார்.

“தொங்கட்டும் வுடுமா. அதுக்கு அதான் புடிச்சிருக்குது போல.”

இந்த ஒரு வார்த்தைக்காகத்தான் இத்தனை வருஷம் மல்லுக்கட்டினேன். கேட்டதும் சந்தோஷம் வரவில்லை. விடாமல் இழுத்துக் கட்டுகிற மாமா எங்கே போனார் என்றிருந்தது. அவர் மேல் கோபம்கூட வந்தது.

“நூல் எடுத்துட்டு வரேன் மாமா. ஒரு கிளையாவது கட்டிட்டுப் போங்க.”

“வாணாம்மா” என்று சொல்லிவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு ஷேர் ஆட்டோவுக்குக் கிளம்பிவிட்டார்.