நெர்மினின் மூச்சு

துருக்கி நடிகை நெர்மின் இருபது வயதில் திரையில் சலவைக்காரியின் மகளாக வந்து ஆலை முதலாளியின் மகனைக் காதலித்தாள். முப்பதில் பார்வையிழந்த பாடகியாகக் காதலித்தாள். நாற்பதில், வளர்ந்த பிள்ளைகளுக்குத் தெரியாமல் காதலித்தாள். யாங்கோனில் அத்தனை காதலையும் பர்மிய மொழியில் பேசியவள், மிங்கலா தாங்ஞுன்ட் பேட்டையில் தனியாகக் குடியிருக்கும் டப்பிங் கலைஞி ஏஞ்சலா.

நெர்மினுக்கு ஒரு பழக்கம். காதலைச் சொல்லுமுன் வாய் திறந்துவிடும். வசனம் பிறகுதான் வரும். அந்த இடைவெளி வெறுமையாகத் தெரியாதிருக்க, ஏஞ்சலா மூச்சை உள்ளிழுத்துப் பாதியில் நிறுத்துவாள். நாளடைவில் அது அவளுடைய சொந்தப் பேச்சிலும் ஒட்டிக்கொண்டது.

சென்ற மழைக்காலத்தில் அண்ணன் மகன் ஜோஸ் வந்தான். ரகசியமாக நடக்கும் வானொலி ஒன்றில், ராணுவத்தால் சுடப்பட்டு இறந்த பையன்களின் பெயர்களை அவள் வாசிக்க வேண்டுமாம்.

"கொரல மாத்திப் படிங்க அத்தை. ஒருத்தருக்கும் தெரியாது."

குரலைத் தாழ்த்தி, நிதானமாகப் படித்தாள். ஒலிபரப்பைக் கேட்டபோதுதான் தெரிந்தது. ஒவ்வொரு பெயருக்கு முன்பும் நெர்மினின் மூச்சு.

ஜோஸ் தலைமறைவாக ஆற்றைக் கடந்து டாலா பக்கம் போய்விட்டான். அவளுக்கு அடுத்த நெர்மின் படம் காத்திருந்தது. இம்முறை மூச்சை அடக்கிக்கொண்டே பேசினாள்.

"வாய் தொறந்து கெடக்கு, சத்தத்தைக் காணோம். ஈ புகுந்துரும் ஏஞ்சலா," என்றார் ஒலிப்பதிவாளர் தஸ்தகீர்.

"இருக்கட்டும் பாய். வயசான வேஷம்தானே."

அவளை ஒரு கணம் பார்த்துவிட்டு, அவர் அடுத்த காட்சியை ஓட்டினார்.

படம் தொலைக்காட்சியில் வந்த மறுநாள், சந்தையில் மீன் வாங்கிக்கொண்டிருந்தவளின் முழங்கையை யாரோ பிடித்தார்கள். சொர்ணம்மாள். அவள் கணவன் மாரிச்சாமி, ராணுவம் நியமித்த வட்டார நிர்வாகியின் அலுவலகத்தில் எழுத்தர்.

"நெர்மினுக்கு என்னடி ஆச்சு? பேசுறதுக்கு முன்னாடி ஒரு மூச்சு இழுப்பாளே, நேத்து ஒண்ணுகூட இல்ல."

"படம் அப்படிக்கா."

"எங்க வீட்டுக்காரருக்கு அதுதான் உசிரு. காணோம்னதும் டிவிய நிறுத்திட்டாரு. அப்பறம் போன்ல எதையோ திருப்பித் திருப்பிக் கேட்டாரு. பேர் பேரா வாசிக்கிறாங்க, என்ன எழவோ." சொர்ணம்மாள் மீனின் செவுளைத் தூக்கிப் பார்த்தாள். "சாயங்காலம் வீட்டுல இருப்பியான்னு கேட்டுட்டு வரச் சொன்னாரு."

இல்லை, கோயிலுக்குப் போகிறேன் என்று சொல்ல ஏஞ்சலா வாயைத் திறந்தாள். சொல்லுக்கு முன்னால் மூச்சு உள்ளே போய்ப் பாதியில் நின்றது.

சொர்ணம்மாளின் முகம் மலர்ந்தது.

"ஆங், இதேதான். அவர் கேட்டா சந்தோசப்படுவாரு."