தணிகாசலத்தின் பிடி

கச்சேரி ரோடு இனாயத் பயில்வான் கோதாவில் இறங்கினால் மயிலாப்பூரே திரண்டு வரும். 1927இல் அடையாற்றங்கரைச் சின்னப்பையனோடு மோதியபோதும் அவன்தான் ஜெயித்தான். ஆனால் விழுந்த சின்னப்பையன் எழுந்திருக்கவில்லை. கழுத்து முறிந்திருந்தது. அவன் பெண்சாதி முத்தம்மா ஓடி வந்தாள். பிணத்தைப் பார்க்காமல், அழாமல், இனாயத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

முறைப்படி நடந்த சண்டை என்று போலீஸ் விட்டுவிட்டது. இனாயத் அதன்பிறகு கோதா மண்ணை மிதிக்கவில்லை.

அடையாறில் ஒரு பங்களாத் தோட்டத்தில் பேசாப் படம் எடுத்துக்கொண்டிருந்த ஸ்ரீனிவாசராகவனுக்கு வில்லன் ஒருவன் தேவைப்பட்டான். வீடு தேடி வந்தார். "நீ நடிக்கவே வேண்டாம்ப்பா. மீசையை முறுக்கிண்டு நின்னாப் போறும்" என்றார். இரண்டு படங்கள் நன்றாக ஓடின.

மூன்றாவது படத்தில் கதாநாயகன் வில்லனின் கழுத்தை நெரித்துக் கொல்ல வேண்டும். அதற்குப் புது ஆளைக் கூட்டி வந்தார். "பேர் தணிகாசலம். இவனும் பயில்வான்தான்."

தணிகாசலம் கும்பிட்டான். "சின்னப்பையன் என் அண்ணன், பாய்."

இனாயத் தன் இடத்தில் போய் நின்றான். கேமரா சுழலத் தொடங்கியதும் தணிகாசலத்தின் விரல்கள் அவன் கழுத்தில் பதிந்தன. நடிப்புக்கு அவ்வளவு அழுத்தம் தேவையில்லை. கண் இருட்டிக்கொண்டு வந்த நேரத்தில் காதோரம் குரல் கேட்டது.

"இன்னிக்கு இல்ல, பாய்."

பிடி தளர்ந்தது. படத்தில் இனாயத்தின் முகத்தைப் பார்த்த ஜனங்கள் கொட்டகையில் எழுந்து நின்று கைதட்டினார்கள். அதிலிருந்து எந்தப் படமானாலும் சாகிறவன் இனாயத், கொல்கிறவன் தணிகாசலம். ஒவ்வொரு முறையும் அதே முணுமுணுப்பு.

"தூக்கத்துல கழுத்தப் புடிச்சிக்கினு கத்துறீங்க. இந்தப் பொழப்பு நமக்கு வேணாம்" என்றாள் மனைவி ஜைதூன் பீ.

"படத்த விட்டா அவன் வூட்டுக்கு வருவான். கேமரா முன்னால நாலு பேராவது பாத்துக்கினு இருக்காங்க" என்றான் இனாயத்.

பிறகு பேசும் படம் வந்தது. தலைக்கு மேல் மைக் தொங்கியது. மூச்சு விட்டால்கூடப் பதிவாகிவிடும். தணிகாசலம் உதட்டை மூடிக்கொண்டான். கழுத்தில் கை விழும்போது அன்றைக்குச் சாவு உண்டா இல்லையா என்று இனாயத்துக்குத் தெரியாமல் போனது. அவன் முகத்தில் எழுந்த பீதியைப் பத்திரிகைகள் புகழ்ந்து எழுதின. படங்கள் குவிந்தன.

1936இல் அடையாறு முகத்துவாரத்தில் ஒரு காட்சி. தணிகாசலம் அவனைத் தண்ணீருக்குள் அமுக்க வேண்டும். அமுக்கினான். "கட்" என்று ஸ்ரீனிவாசராகவன் கத்தியும் கை எழவில்லை. உப்புநீர் மூக்கில் ஏறியது. கரையிலிருந்த ஆட்கள் தண்ணீரில் குதித்தார்கள். அவர்கள் நெருங்கும் முன் தணிகாசலமே அவனைத் தலைமுடியைப் பிடித்து மேலே இழுத்தான்.

மணலில் கிடந்து இருமியபடி இனாயத் கேட்டான்: "ஏன் வுட்ட?"

தணிகாசலம் கரையைக் காட்டினான். வேடிக்கை பார்க்க வந்த கூட்டத்தில் முத்தம்மா நின்றிருந்தாள்.

"அண்ணி வேணாம்னு தலையாட்டிச்சி. செத்துட்டா ஒரு நாளோட போயிடும், பயந்துக்கினே கெடக்கட்டும்னு சொல்லிக்கீது."

ஸ்ரீனிவாசராகவன் ஓடி வந்தார். "இந்தப் பையன் வேண்டாம், இனாயத். வேற ஆளைப் போட்டுக்கலாம்."

இனாயத் மணலைத் தட்டிக்கொண்டு எழுந்தான். "வேணாம் சாமி. அவனே இருக்கட்டும்" என்றான்.

ஏன் அப்படிச் சொன்னான் என்று ஜைதூன் பீ கேட்டாள். முத்தம்மாவின் கண்ணுக்கு எட்டாத இடம் தனக்கு இல்லை என்று அவனுக்குத் தோன்றியது.

அடுத்த படத்தின் முதல் நாளன்று முத்தம்மா படப்பிடிப்புத் தோட்டத்துக்கே வந்துவிட்டாள். இனாயத் தானே போய் ஒரு நாற்காலியைத் தூக்கி வந்து போட்டான். அவள் சேலைத் தலைப்பை இழுத்துச் சொருகிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"ஆரம்பிங்க" என்றாள்.