குழுவின் பழைய மடல்களை இணையத்தில் ஏற்றியது

அமெரிக்காவின் பார்சிப்பனியில் நான் ஹெச் 4 விசாவில் இருந்த வருடங்கள் அவை. கணவர் வேலை பார்க்கலாம், நான் பார்க்கக் கூடாது. என் கணினிப் பட்டம் சூட்கேஸில் தூங்கியது. எனக்குத் துணை, அந்த வட்டாரத் தமிழர்களின் மின்னஞ்சல் குழுதான். அங்கே என் பொறுமையைச் சோதித்த விஷயம் ஒன்று உண்டு. வாரம் தவறாமல் யாராவது, ஊரிலிருந்து பிரஷர் குக்கர் கொண்டுவரலாமா என்று கேட்பார்கள். நாங்களும் அசராமல் முதலிலிருந்து ஆரம்பிப்போம். போன மாதம்தானே சொன்னோம் என்று காட்டவும் வழியில்லை. குழுவில் இன்று சேர்ந்தவருக்கு நேற்றைய மடல் கிடைக்காது.

எரிச்சல் தாங்காமல் நானே இறங்கினேன். ஒரு மடலையும் அழிக்காத புண்ணியவான் ஒருவர் குழுவில் இருந்தார். அவரிடம் எல்லாவற்றையும் வாங்கி, மாதவாரியாகப் பிரித்து, ஒவ்வொரு கேள்விக்குக் கீழும் அதன் பதில்கள் வரும்படி இணையப் பக்கங்களாக்கினேன். குழுவின் சம்மதத்தோடு யாரும் பார்க்கும்படி வைத்தேன். இனி குக்கர் என்று வாயைத் திறந்தால் சுட்டியை அனுப்பிவிடலாம். எனக்குப் பெருமை பிடிபடவில்லை.

அந்தப் பெருமையில் இருந்தபோதுதான் சான் ஹோசேயிலிருந்து ஒரு பெண் போனில் கூப்பிட்டாள்.

"அக்கா, என் பேர நெட்ல தேடினா உங்க சைட்தான் மொதல்ல வருது. வேலை போனப்ப போட்ட மெயில். அடுத்த வாரம் இன்டர்வியூ. ப்ளீஸ், டெலீட் பண்ணிடுங்க."

பக்கத்தைத் திறந்தேன். ஆட்குறைப்பு மும்முரமாக நடந்த காலத்து மடல். வேலை போய்விட்டது, விசா முடிவதற்குள் வேறு வேலை கிடைக்க யாராவது உதவ முடியுமா என்று நாலே வரி. அழிப்பது சுலபம். ஆனால் நம் ஆட்கள் பதில் போட்டால், வந்த மடலை முழுசாக அடியில் தொங்கவிடுவார்களே!

"உன்னோடத மட்டும் எடுத்தா போதாதும்மா. பதில் போட்டவங்க மெயில்லயும் இருக்கு."

"எந்த பதில்?"

"பக்கம் பூரா இருக்கே."

"யாருமே பதில் போடலியேக்கா."

பேசப் பேசத்தான் விளங்கியது. அப்போது எங்கள் வட்டாரத்தில் இருந்த அவளும் எல்லோரையும் போல அலுவலக முகவரியில்தான் குழுவில் சேர்ந்திருந்தாள். மேஜையைக் காலி செய்யக் கொடுத்த இடைவெளியில் அந்த மடலை அனுப்பியிருக்கிறாள். அவள் வெளியே வந்ததும் முகவரியை மூடிவிட்டார்கள். சில நாள் கழித்து நூலகக் கணினியில் வேறு முகவரியில் சேர்ந்து பார்த்தால், எல்லோரும் குக்கரைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"ஒருத்தருக்கும் நம்ம மேல அக்கறை இல்லன்னு ஊருக்கே போயிட்டேன்க்கா. திரும்பி வர இத்தன வருஷம் ஆச்சு."

நான் ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினேன். ஒருவர் தன் கம்பெனியில் ஆள் எடுக்கிறார்கள், உடனே ரெஸ்யூமே அனுப்பு என்றிருந்தார். பக்கத்து ஊர் ஐசலினில் இருந்த ஒரு அங்கிள், "வேலை கிடைக்கும்வரை எங்கள் பேஸ்மென்டில் தங்கிக்கொள் அம்மா, நாளைக்கே சுத்தம் செய்து வைக்கிறோம்" என்று எழுதியிருந்தார். மறுமுனையில் அவள் வெளிப்படையாகவே அழுதாள்.

"எல்லாத்தையும் எடுத்துடட்டுமா?" என்று கேட்டேன்.

"என் பேர மட்டும் எடுங்கக்கா." மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "அந்த அங்கிளோட நம்பர் அதுல இருக்கா?"

"இருக்கு. எதுக்கும்மா?"

"ரூம் ஒழிச்சு வெச்சுட்டுப் பாத்துட்டே இருந்திருப்பாங்கல்ல. வர முடியலன்னு ஒரு வார்த்தை சொல்லணும்."