ஒன்பது குழி, எட்டுச் சத்தம்

என் அப்பா எல்லப்பன் 1956 மாசியில், குருபரப்பள்ளிக்குக் கிழக்கே ஒரு கல்குவாரியில் செத்தார். காலை பத்தரை மணி. அவருடைய வலது கை சாயங்காலம் வரை கிடைக்கவில்லை. தேடி எடுத்தவள் என் அம்மா கெம்பம்மா. அவளுக்கு அப்போது இருபத்து மூன்று வயது. எனக்கு மூன்று.

அம்மா போன மாதம் இறந்தாள். குளிப்பாட்டும்போது இடது தாடையில் என் கை பட்டது. உடைந்த எலும்பு கோணலாக ஒட்டிய இடம். அது உடைந்த கதை இது. அம்மா வருடக்கணக்கில் துண்டுதுண்டாகச் சொன்னது. விட்டுப்போனதை ஜோதியம்மாள் சொன்னார். அவர் அதே குவாரியில் அம்மாவுக்குப் பக்கத்தில் ஜல்லி உடைத்தவர்; அப்பாவின் கூட்டாளி ஆஞ்சப்பனின் மனைவி.

ரோட்டை அகலப்படுத்த ஜல்லி போய்க்கொண்டிருந்த காலம். ஆண்கள் பாறையில் வரிசையாக ஒன்பது குழி அடிப்பார்கள். ஒவ்வொன்றிலும் வெடிமருந்தைக் கெட்டித்துத் திரி விடுவார்கள். மேஸ்திரி கோவிந்தப்பன் விசில் ஊதினால் எல்லாரும் பெரிய பாறை ஒன்றின் மறைவுக்கு ஓட வேண்டும். அங்கே உட்கார்ந்து சத்தத்தை எண்ணுவார்கள். ஒன்பது கேட்டால் மறுபடி விசில். உள்ளே போகலாம்.

ஒரே ஆள் ஒன்பது திரியையும் பற்றவைத்தால் நேரமாகிறது என்று மேஸ்திரி இரண்டு பேரை விட்டான். ஒரு முனையிலிருந்து அப்பா, மறுமுனையிலிருந்து ஆஞ்சப்பன். எல்லாத் திரியும் ஒரே நீளம்.

அன்று கேட்டது எட்டு.

"எட்டுதான்" என்றாள் அம்மா.

"ரெண்டு ஒண்ணா போயிருச்சு. எந்திரிங்க எந்திரிங்க" என்றான் மேஸ்திரி.

"இல்ல, எட்டுதான் வெடிச்சுது."

"ஏ எல்லப்பா, உம் பொண்டாட்டிய மேஸ்திரியா போட்டுரலாமா?"

எல்லாரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். "நானும் ஆஞ்சானும் ஒரே நேரத்துல வெச்சோம் புள்ள. ஒண்ணாத்தான் போயிருக்கும். போன வாரமும் எட்டுதானே கேட்டுச்சு? என்னா ஆச்சு?"

போன வாரம் ஒன்றும் ஆகவில்லை. அப்போது உண்மையிலேயே இரண்டு சேர்ந்துதான் வெடித்திருந்தன. அதனால் அப்பா நம்பினார். பெயர்ந்த பாறையில் அடுத்த குழி போட உட்கார்ந்து கம்பியைப் பிடித்தார். ஆஞ்சப்பன் சம்மட்டியை ஓங்கி அடித்தான். மூன்றாவது அடியில், கம்பிக்குக் கீழே வெடிக்காமல் கிடந்த மருந்து வெடித்தது. அப்பாவின் முகம் போய்விட்டது. ஆஞ்சப்பனுக்கு ஒரு கண் போயிற்று.

"பாக்காம கம்பி வெச்சிட்டான்" என்று பிணத்தின் பக்கத்தில் நின்று மேஸ்திரி சொன்னான். அம்மா ஜல்லிச் சுத்தியால் அவன் முழங்காலில் அடித்தாள். இரண்டு ஆட்கள் அவள் கைகளைப் பின்னால் இழுத்துப் பிடித்தார்கள். வாயில் ரத்தம் வரும்வரை மேஸ்திரி அறைந்தான்.

பதினாறாம் நாள் அதே குவாரிக்கு ஜல்லி உடைக்கப் போனாள். வேறு போக்கில்லை.

மேஸ்திரி ஒரு திருத்தம் செய்திருந்தான். இனி இரண்டு பேர் தனித்தனியாக எண்ண வேண்டும், இரண்டு கணக்கும் ஒத்துப்போக வேண்டும். எல்லாருக்கும் அது போதும் என்று பட்டது. அம்மா மட்டும் தரையில் ஒன்பது ஜல்லியை வரிசையாக வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பைத்தியம் பிடித்துவிட்டது என்றார்கள். ஒரு நாள் மத்தியானம் ஆஞ்சப்பனைக் கூப்பிட்டாள்.

"ஆஞ்சண்ணா, எட்டு கேட்டா ஒண்ணு வெடிக்கல, இல்ல ரெண்டு சேந்து போச்சு. எதுன்னு காது சொல்லுமா?"

"சொல்லாது."

"ஒம்போது கேட்டா? எட்டு வெடிச்சு, மலை ஒண்ணைத் திருப்பிச் சொல்லியிருந்தா?"

ஆஞ்சப்பன் மலையைத் திரும்பிப் பார்த்தான்.

"அப்ப எட்டும் ஒண்ணுதான், ஒம்போதும் ஒண்ணுதான். நூறு பேரு எண்ணினாலும் அதேதான். எண்ணுறதுல தப்பில்ல. திரியிலதான் தப்பு."

நான் ரயில் சிக்னல்களை இயக்கும் கணினி நிரல்களைச் சரிபார்க்கிறேன். ஓட்டிப் பார்த்துச் சரி என்று கையெழுத்துப் போடுவதில்லை. எந்த வரிசையில் எது நடந்தாலும் இரண்டு வண்டிகள் ஒரே தடத்தில் வர வழியே இல்லை என்று, ஓட்டுவதற்கு முன்பே தாளில் நிறுவுகிறோம். இரண்டு வேலைகள் ஒரே சமயத்தில் ஓடினால் எது முந்தும் என்று யாராலும் சொல்ல முடியாது. அதிர்ஷ்டத்தை நம்பி எழுதிய நிரல் நூறு நாள் சரியாக ஓடிவிட்டு நூற்றோராம் நாள் ஆளைக் கொல்லும். இரண்டு முனையிலிருந்து திரி வைத்ததும் அதே தப்புதான். அம்மாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது.

அவள் ஆஞ்சப்பனிடம் சொன்ன வழி இது. முதல் குழிக்கு நாலு சாண் திரி. அடுத்ததற்கு அரைச் சாண் கூடுதல். அதற்கடுத்ததற்கு இன்னும் அரைச் சாண். ஒன்பதுக்கும் இப்படியே. ஒரே ஆள், குட்டைத் திரியிலிருந்து தொடங்க வேண்டும்.

"என்னா இது, சீலைக்கு அளவெடுக்கிறியா?" என்றான் ஆஞ்சப்பன்.

"கேளு. நீ மெதுவா போனா என்னா ஆவும்?"

"அடுத்தது லேட்டா போவும்."

"முந்துமா?"

"முந்தாது."

"வேகமா போனா?"

அவன் யோசித்தான். "பறந்தே போனாலும் அரைச் சாண் எரியணுமே. அப்பவும் முந்தாது."

"அப்ப ரெண்டு சேந்து போவாது. ஒண்ணுக்கும் அடுத்ததுக்கும் நடுவுல நான் பத்து எண்ணலாம். மலை திருப்பிச் சொன்னா உடனே சொல்லிரும், பத்து வரைக்கும் காத்திருக்காது. நடுவுல ஒரு எடம் சும்மா போச்சுன்னா எந்தக் குழின்னே தெரிஞ்சுரும்."

"கடைசித் திரிய வெக்கிறதுக்குள்ள மொதக் குழி வெடிச்சா நான் போயிருவேனே?"

அதற்குத்தான் முதல் திரி நாலு சாண். மருந்தில்லாமல் ஒரு நாலு சாண் திரியைப் பற்றவைத்துவிட்டு, ஆஞ்சப்பன் ஒன்பது குழியையும் தொட்டு மறைவுக்கு ஓடிப் பார்த்தான். திரும்பிப் பார்த்தபோது ஒரு சாண் மிச்சம் இருந்தது. முதல் திரி பாதிக்கு மேல் எரிந்துவிட்டால் மீதியை விட்டுவிட்டு ஓட வேண்டும் என்றும் பேசிக்கொண்டார்கள்.

மறுநாள் மேஸ்திரி பார்த்துவிட்டான். "பொட்டச்சி பேச்சக் கேட்டுத் திரி வெட்றியாடா, ஒத்தக் கண்ணா?" குனிந்திருந்த ஆஞ்சப்பனை இடுப்பில் உதைத்தான். கத்தியை வாங்கி எல்லாத் திரியையும் ஒரே மட்டமாக அறுத்தான். மறுமுனைக்கு வேறு ஆளை அனுப்பினான்.

வெடித்தது. பெண்கள் எண்ணியது எட்டு. "ஒம்போது" என்றான் மேஸ்திரி. எண்ண நிறுத்தியிருந்த இரண்டு பேரும் அவன் முகத்தைப் பார்த்துவிட்டு ஒன்பது என்றார்கள். விசில் ஊதினான். யாரும் எழவில்லை.

"தாலியறுத்தவ பின்னால எத்தன பேருடீ உக்காந்திருக்கீங்க?"

அம்மா எழுந்து அவன் கழுத்துத் துண்டைப் பிடித்து முறுக்கினாள். "ஒம்போதா? அப்ப வா."

அவன் கனத்த ஆள். அம்மா இழுத்தாள்; ஜோதியம்மாளும் இன்னும் நாலு பெண்களும் முதுகில் கை வைத்துத் தள்ளினார்கள். புகை அடங்காத பாறைக்கு மேல் கொண்டுபோய் நிறுத்தினார்கள். அம்மா கம்பியை எடுத்து அங்கே ஊன்றி, அப்பா உட்கார்ந்த மாதிரியே உட்கார்ந்து இரண்டு கையாலும் பிடித்தாள்.

"எல்லாம் வெடிச்சிருச்சில்ல? நான் புடிக்கிறேன். நீ அடி."

மேஸ்திரி சம்மட்டியை ஓங்கினான். கம்பியில் அடிக்கவில்லை. சம்மட்டியைத் திருப்பி, பிடியால் அவள் தாடையில் அடித்தான். எலும்பு உடைந்த சத்தம் எல்லாருக்கும் கேட்டதாம். மூன்று பற்கள் கல்லில் விழுந்தன.

பெண்கள் ஜல்லிச் சுத்தியோடு அவன் மேல் விழுந்தார்கள். முதலில் விரல்களை உடைத்தார்கள். பிறகு கணுக்கால். ஜோதியம்மாள் மண்டைக்கு ஓங்கியபோது ஆஞ்சப்பன் கையைப் பிடித்தான். "வுடு. செத்தவன் என்னாத்தப் பாப்பான்? பாத்துட்டுப் போவட்டும்."

குடம் குடமாகத் தண்ணீர் கொண்டுவந்து பாறை முழுக்க ஊற்றினார்கள். மருந்து நனைந்துவிட்டால் செத்துவிடும். ஒரு மணி நேரம் விட்டு, கையாலேயே கல்லைப் புரட்டினார்கள். ஏழாவது குழியில் மருந்து அப்படியே இருந்தது. கம்பி ஊன்றிய இடத்திலிருந்து இரண்டு முழம். கோவிந்தப்பனை இழுத்துவந்து அதன் பக்கத்தில் கிடத்தினார்கள். அவன் கண்ணை மூடிக்கொண்டான்.

போலீசு வந்தது, போயிற்று. புது மேஸ்திரி வந்தான். அரை அரைச் சாணாகக் கூட்டிய திரி இல்லாமல் உள்ளே போக மாட்டோம் என்று பெண்கள் சொன்னதால் அவன் ஒத்துக்கொண்டான். முதல் நாள் அம்மா தாடையைத் துணியால் கட்டிக்கொண்டு வந்தாள். பேச முடியாது. விரலால் எண்ணினாள். ஒன்று, இரண்டு, மூன்று, நாலு. பிறகு சத்தமில்லை. பத்து தாண்டியது, பதினைந்து தாண்டியது. அதற்குப் பிறகு மீதி நாலும் வெடித்தன. அம்மா ஐந்து விரலையும் விரித்துக் காட்டினாள். ஒருவரும் அசையவில்லை. ஐந்தாவது குழிக்குத் தண்ணீர் போயிற்று.

அங்கே வெடிக்காத குழியால் அப்புறம் யாரும் சாகவில்லை.

1958 ஐப்பசி மழையில் மேல் பாறை பிளந்து சரிந்தது. ஆஞ்சப்பனும் இரண்டு பெண்களும் அடியில் மாட்டினார்கள். அம்மா கல்லைத் தள்ளித் தள்ளி நகம் பிய்ந்தது. ஆஞ்சப்பனை வெளியே எடுத்தபோது மார்பு தட்டையாக இருந்தது. ஜோதியம்மாள் அம்மாவின் தலைமயிரைப் பிடித்து உலுக்கினார்.

"நீ சொன்ன மாதிரிதானே எல்லாம் செஞ்சான்! ஒண்ணும் ஆவாதுன்னியே!"

"திரிக்குத்தான் சொன்னேன்" என்றாள் அம்மா. "பாறைக்கு நான் சொல்லல ஜோதி."

ஜோதியம்மாள் கை ஓயும்வரை அடித்தார். அம்மா தடுக்கவில்லை.

மறுநாள் காலை அம்மா எல்லாருக்கும் முன்னால் போய்ப் பாறைக்கு அடியில் நின்றாள். எந்தக் கல் எதன் மேல் உட்கார்ந்திருக்கிறது என்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தாள். புது மேஸ்திரி விசில் ஊதினான். அம்மா இரண்டு கையையும் விரித்து வழியை மறித்தாள். யாரையும் உள்ளே விடவில்லை.