வேதாரண்யம் பனியில் மாமனார்

காலை ஆறரைக்குத் தஞ்சாவூரிலிருந்து காரை எடுத்தேன். வேதாரண்யம் போய் மாமனார் மாமியாரை ஏற்றிக்கொண்டு, பொழுது சாய்வதற்குள் திருக்கடையூர் சேர வேண்டும். மறுநாள் விடியற்காலையில் அங்கே மாமாவுக்கு அறுபதாம் கல்யாணம். என் மனைவி சொந்தக்காரர்களோடு முன்கூட்டியே போய்விட்டாள்.

நூறு கிலோமீட்டர்தான். ஆனால் மன்னார்குடி தாண்டியதும் சாலை நெடுக உளுந்துச் செடியைப் பரப்பி வைத்திருந்தார்கள். போகிற வண்டியெல்லாம் ஏறி மிதித்து உளுந்தை உதிர்த்துக் கொடுக்க வேண்டுமாம். பெட்ரோல் மட்டும் என்னுடையது. திருத்துறைப்பூண்டியில் பதினைந்து ரூபாய்க்கு ஆறிப்போன டீயைக் குடித்துவிட்டு வேதாரண்யம் சேரும்போது மணி பத்தரை.

வாசலில் அத்தை மட்டும் பெட்டிகளோடு நின்றார்.

"மாமா எங்க அத்தை?"

"உப்பளத்துல பொணமாக் கிடக்குறாரு. போய்ப் பாருங்க."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்புறம்தான் விஷயத்தைச் சொன்னார். கொலைகாரனைத் தேடும் படம் ஒன்றை எடுக்கச் சென்னையிலிருந்து ஆட்கள் வந்திருக்கிறார்கள். கதை முழுக்கப் பனிமலையில் நடக்கிறது. காஷ்மீர் போகக் காசில்லாததால் நம் உப்பளத்தைப் பனியாக்கிவிட்டார்கள். பிணமாக நடிக்க வந்தவர் வெயில் தாங்காமல் ஓடிவிட்டார். வேடிக்கை பார்க்கப் போன மாமா, போன மாதம்வரை தலைமையாசிரியராக இருந்த மனிதர், "நான் படுக்குறேன்" என்று சொல்லிவிட்டார்.

"நாளைக்கு என் கழுத்துல மறுபடி தாலி கட்டப்போறவரு இன்னிக்குப் பொணமாப் படுக்கலாமா? நீங்களே சொல்லுங்க மாப்பிள்ளை."

அத்தையை ஏற்றிக்கொண்டு உப்பளத்துக்கு ஓட்டினேன்.

சித்திரை வெயிலில் பாத்தி பாத்தியாக உப்பு கண்ணைக் கூசவைத்தது. நடுவே கம்பளிக் கோட்டும் குல்லாவும் மாட்டி, மீசையில் பஞ்சு ஒட்டி, மாமா மல்லாந்து கிடந்தார். பெரிய ஃபேன் வைத்துத் தெர்மாகோல் தூளை அவர்மேல் பறக்கவிட்டார்கள். குளிரில் செத்தவருக்கு வியர்த்துக் கொட்டியது. "தொடைங்க, தொடைங்க!" என்று கத்தினார் டைரக்டர். துடைத்தார்கள், மறுபடி கொட்டியது. அத்தை அந்தப் பக்கமே பார்க்காமல் முதுகைக் காட்டி நின்றார். மத்தியானச் சாப்பாடும் இப்படியே போனது.

நாலு மணிக்கு ஒருவழியாக "ஓகே" வந்தது. காரைத் திறக்கப் போனேன். உதவி டைரக்டர் பெண் மாமாவிடம் ஓடி வந்தார்.

"சார், எந்திரிக்காதீங்க! செத்த மாதிரி நடிச்சவங்க கேமராவைப் பாத்துச் சிரிச்சுட்டுத்தான் எந்திரிக்கணும். இல்லன்னா ஆகாது."

மாமா வாழ்நாளில் பள்ளிக்கூடத்தில் சிரித்ததில்லை. பல்லைக் காட்டினார், பார்க்கப் பயமாக இருந்தது. போதும் என்றார் டைரக்டர்.

"அதெல்லாம் முடியாது. நல்லாச் சிரிக்கட்டும்" என்றார் அத்தை, திரும்பாமலே.

அரை மணி நேரம் போயிற்று. என் மனைவி போன்மேல் போன் போட்டாள். திருக்கடையூர் இன்னும் தொண்ணூறு கிலோமீட்டர். எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. கடைசியில் அத்தைக்கே பொறுமை போய்விட்டது.

"காலையிலேருந்து தொடைங்க தொடைங்கன்னு ஒரே சத்தம். குளிர்ல விறைச்சவருக்கு இப்படியா வேர்க்கும்? இந்தப் படத்தை எவன் நம்புவான்?"

மாமா குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். மீசைப் பஞ்சு பறந்தது. அப்போதுதான் அத்தை திரும்பினார். கண் கலங்கியிருந்தது. மாமாவின் முகத்து உப்பை முந்தானையால் கொஞ்சம் முரட்டுத்தனமாகவே துடைத்துவிட்டார்.

ஐந்து மணிக்குக் கிளம்பினோம். பின் சீட்டில் மாமாவுக்குக் கண் சொருகியது.

"ஏங்க!" என்று உலுக்கினார் அத்தை. வேளாங்கண்ணியில் ஒருமுறை, நாகப்பட்டினத்தில் ஒருமுறை.

"அசதியா இருக்கு, தூங்க விடேன்."

"நாளைக்குத் தாலியைக் கட்டிட்டு எவ்வளவு நேரம் வேணா தூங்குங்க. இன்னிக்கு என் முன்னாடி கண்ண மூடாதீங்க."

காரைக்கால் வரை அந்த 'ஏங்க' ஓயவில்லை. நான் ரோட்டையே பார்த்து ஓட்டினேன். தரங்கம்பாடிக்குப் பிறகு சத்தத்தைக் காணோம். கண்ணாடியில் பார்த்தேன். அத்தை மாமாவின் தோளில் சாய்ந்து அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தார். மாமா அசையாமல், இரண்டு கண்ணையும் அகலத் திறந்துவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.