ஆல்பனிக்கு அப்பால் ஒரு கவுரி மர வீடு

அடுத்த சனிக்கிழமை இடிக்கப்போகிறார்கள் என்று வேலையிடத்தில் ஒருவர் சொல்லாவிட்டால் நான் அந்த வீட்டுப் பக்கமே போயிருக்கமாட்டேன். பழைய மரக்கட்டைகளைப் பார்க்கப் பெட்ரோல் செலவழிக்கிற ஆள் நான் இல்லை. ஆனால் இனிமேல் பார்க்கவே முடியாது என்றதும் ஆசை வந்துவிட்டது. 1984 ஆகஸ்டில், இந்த நாட்டின் குளிர்காலத்தில், ஒரு ஞாயிறு நானும் மனைவி பவானியும் ஹில்ஸ்பரோவிலிருந்து காலை 9.10க்குக் கிளம்பினோம்.

பாலம் தாண்டி, ஆல்பனியின் பழத்தோட்டங்களைக் கடந்து, மொத்தம் 38 கிலோமீட்டர். கடைசி மூன்று கிலோமீட்டர் சரளைப் பாதை. மழை வேறு. 10.25க்குப் போய்ச் சேர்ந்தோம். நுழைவுக் கட்டணம் கிடையாது.

நிலத்துக்காரி எல்ஸி வாசலில் காத்திருந்தார். அறுபதை நெருங்கும் வயது, முழங்கால்வரை ரப்பர் பூட்ஸ். அவருடைய பூட்டனும் பூட்டியும் இந்தக் காட்டுக்கு வந்து முதல் குளிர்காலத்தைக் கூடாரத்தில் கழித்தார்களாம். பிறகு கவுரி என்ற இந்நாட்டு ராட்சத மரங்களை வெட்டி, காளைகளால் இழுத்து, இந்தச் சுவர்களை எழுப்பினார்கள். மூலைகளில் கட்டைகள் ஒன்றையொன்று கவ்வி நிற்கின்றன. ஓர் ஆணிகூட இல்லை. அடிக்கட்டையை அணைத்துப் பார்த்தேன், என் கை பாதிகூட எட்டவில்லை.

“இந்த இடத்தில் என் தம்பி கிவிப்பழத் தோட்டம் போடப்போகிறான். இப்போது எல்லோரும் அதைத்தானே போடுகிறார்கள்? நானும் சரி என்றுவிட்டேன்” என்றார் எல்ஸி, எங்கள் முகத்தைப் பாராமல்.

உள்ளே காலெடுத்து வைக்கப்போனேன். பவானி கையைப் பிடித்து இழுத்தாள்.

“சப்பாத்தோட போறியளே? கழட்டுங்கோ.”

“இஞ்ச ஒருத்தரும் இருக்கேல்லையப்பா. தரை ஐஸ் மாதிரிக் கிடக்கும்.”

“அதுக்கென்ன? வீடு வீடுதானே.”

எல்ஸி வேண்டாம் வேண்டாம் என்று தடுத்தும் பவானி கேட்கவில்லை. வெறுங்காலோடு போனோம். உயிரே போகிற குளிர். இருட்டில், அடுப்படிக்கு முன்னால் பவானி சட்டென்று நின்றாள்.

“இஞ்ச வாங்கோ. பலகை பள்ளமாக் கிடக்கு. ரெண்டு பள்ளம்.”

குனிந்து பார்த்தால் தெரியவில்லை. காலுக்குத்தான் தெரிந்தது. அடுப்பைப் பார்த்தபடி ஒரு பெண் வருடக்கணக்காக நின்று சமைத்துத் தேய்ந்த இடம். பூட்ஸோடு பின்னால் வந்த எல்ஸியிடம் சொன்னேன். அவர் நம்பவில்லை. பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டு பூட்ஸைக் கழற்றினார், காலுறையையும் கழற்றினார், அந்த இடத்தில் போய் நின்றார். பாதங்கள் அளவெடுத்ததுபோல் பொருந்தின.

“பிறந்ததிலிருந்து இங்கே வருகிறேன். எப்போதும் பூட்ஸோடுதான்” என்றார். அந்த இடத்தைவிட்டு அவர் நகரவில்லை. நாங்கள் வெளியே வந்து மழையில் நின்றோம்.

வெள்ளிக்கிழமை மாலை அவரே தொலைபேசியில் அழைத்தார். வீட்டை இடிக்க நாளை டிராக்டர் வராதாம். என் மகிழ்ச்சியைச் சொல்வதற்குள், “தம்பியும் இனி இங்கே வரமாட்டானாம்” என்று சொல்லித் தொலைபேசியை வைத்துவிட்டார்.

ஆகவே வீடு நிற்கிறது, போய்ப் பாருங்கள். தனியார் நிலம், முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். மழை நாளென்றால் சரளைப் பாதையில் மெதுவாக ஓட்டுங்கள். உள்ளே பார்க்க ஒரு மணி நேரம் போதும். எல்ஸி தேநீர் தருவார், எத்தனை கேள்வி கேட்டாலும் பொறுமையாகப் பதில் சொல்வார். தம்பி எப்படி இருக்கிறார் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள்.